கல்யாணத்தில் தொங்கிய கப்பல்

தாலி கட்டும் நேரத்துக்கு 1963ஆம் ஆண்டில், சிங்கப்பூர் சிராங்கூன் ரோட்டு நிலவரப்படி, விலை நூற்றைம்பது வெள்ளி. விற்றவர் காமிராக்காரர் தங்கராஜு. வாங்கியவர் பஃபலோ ரோட்டில் மிளகாய், மல்லி மொத்த வியாபாரம் செய்த கோவிந்தசாமி. அவருடைய ஒரே மகள் கண்மணிக்குக் கல்யாணம். மாப்பிள்ளையின் தாயார் உடம்பு முடியாமல் நாகப்பட்டினத்திலேயே தங்கிவிட்டதால், தாலி ஏறுவதைப் படம் பிடித்து அனுப்புவதாகச் சம்பந்தி வீட்டுக்கு வாக்குக் கொடுத்துவிட்டார்.

பேரம் டன்லப் தெருவில் எங்கள் துணிக்கடையில் நடந்தது. மாடியில் குடியிருந்த தங்கராஜுவைக் கீழே கூப்பிட்டு, கோப்பி வரவழைத்து, கோவிந்தசாமி சட்டையின் மேல் பொத்தானைக் கழற்றினார். அந்தப் பொத்தான் கழன்றால் அரை மணி நேரம் பேரம் என்று தெருவுக்கே தெரியும்.

"மூணு முடிச்சு போட எவ்வளவு நேரம் ஆவும் தம்பி?"

"அரை நிமிஷம் ஆவும் அண்ணாச்சி."

"அரை நிமிஷத்துக்கு நூத்தம்பதா? ஏரோப்பிளேன்காரன் கூட இப்படிக் கேக்கமாட்டான்."

"முடிச்ச மட்டுமா எடுக்கறேன்? முன்ன பின்ன சேத்து ரெண்டு சுருள். சுருளு சீமைச் சரக்கு. எடுத்தப்பறம் ஆஸ்திரேலியாவுக்கு அனுப்பிக் கழுவி வரணும்."

"சத்தம் வருமா?"

"வராது."

"மேளம் கேக்காது, மந்திரம் கேக்காது. அப்ப பாதிக் கல்யாணம்தான் தர்றே. பாதி விலையப் போடு."

துணி மடித்துக்கொண்டிருந்த எங்கள் வாப்பா அப்துல் அலீம் தலையை நிமிர்த்தாமலே சொன்னார்: "அண்ணாச்சி, உங்க வீட்டுக் கல்யாணத்தச் சத்தமில்லாம காட்டுறேங்கறார். அதுக்கு நீங்கதான் மேல போட்டுக் குடுக்கணும்."

நூற்றைம்பதுக்கே முடிந்தது. ஆனால் கோவிந்தசாமி தோற்றதாகச் சரித்திரம் கிடையாது. மாப்பிள்ளை அழைப்பை இனாமாகச் சேர்த்து வாங்கிக்கொண்டுதான் பொத்தானைப் போட்டார்.

தங்கராஜு கல்யாணம் எடுத்ததெல்லாம் வயிற்றுக்காக. மனசுக்காக எடுத்தவை வேறு. ரோச்சோர் கால்வாய் ஓரம் மூட்டை தூக்குகிறவர்கள், ஜாலான் புசாரில் இரும்பு அடிக்கிறவர்கள் என்று, வேலை செய்கிற மனிதர்களை வேலை செய்கிறபடியே எடுப்பார். அதில் கதை, பாட்டு, கதாநாயகி எதுவும் இருக்காது. "இதுக்கு எவன் டிக்கெட் எடுப்பான்?" என்று வாப்பா ஒருமுறை கேட்டார். "எவனும் எடுக்கமாட்டான் பாய், அதான் கஷ்டமா இருக்கு" என்று தங்கராஜு ஒப்புக்கொண்டார்.

அவர் எடுப்பாரே தவிர, எது படம் என்று முடிவு செய்வது அவர் மனைவி சிவகாமசுந்தரி. எங்கள் கடைக்கு ரவிக்கை தைத்துக் கொடுக்கும் பெண்மணி. மாடி ஜன்னலோரம் தையல் மெஷின், அதை ஒட்டிய மேஜையில் சுருள் வெட்டி ஒட்டும் கருவி. காலையில் பத்து ரவிக்கை முடித்துவிட்டு, பிற்பகலில் புருஷன் எடுத்ததை வெளிச்சத்தில் பிடித்துப் பார்ப்பார். "இந்த ஆளு உங்களப் பாத்துட்டாரு, வேலைய மறந்துட்டாரு, தூக்குங்க" என்று கத்தரிப்பார். ஒட்டும் பசையின் நெடி எங்கள் சீட்டித் துணிகளில் ஏறி, வாடிக்கையாளர்கள் முகர்ந்து பார்த்துவிட்டுப் புதுச் சாயம் என்று நம்பி வாங்கிப் போனார்கள். நாங்கள் மறுக்கவில்லை.

அந்த வருஷம்தான் சிங்கப்பூருக்கு டெலிவிஷன் வந்தது. நிலையத்தில் ஒரு சீன அதிகாரி, தங்கராஜுவின் பழைய துண்டுகளைப் பார்த்துவிட்டு, எட்டு நிமிடத்துக்கு ஒரு படம் கொண்டுவரச் சொன்னார். செம்பவாங் கடற்படைத் தளத்தில் கப்பலுக்கு வெளியே பலகையில் தொங்கிக்கொண்டு துருச் சுரண்டும் தமிழாட்களைப் பற்றியது அந்தப் படம். நன்றாயிருந்தால் மாதம் ஒரு படம் நிச்சயம். இல்லாவிட்டால் சிவகாமியின் அண்ணன் கிராஞ்சிக் கோழிப்பண்ணையில் தங்கராஜுவுக்குக் கணக்கு வேலை பார்த்து வைத்திருந்தார். கார்த்திகை முதல் தேதிக்குள் படமா கோழியா என்று தெரிந்துவிட வேண்டும் என்பது சிவகாமி புருஷனுக்கு வைத்த தவணை. காமிராவை வாங்கிக்கொள்ள ஜாலான் புசாரில் ஆளும் இருந்தது.

வெள்ளைக்காரனிடம் தளத்துக்குள் போகப் பெர்மிட் வாங்க ஐந்து மாதம் ஆயிற்று. கிடைத்தது ஒரே ஒரு நாள். அதுவும் காலை ஏழிலிருந்து பகல் ஒன்று வரை. கண்மணியின் முகூர்த்தத்துக்கு மூன்றாம் நாள்.

எல்லாமாக ஆறு சுருள் வாங்கினார்கள். கல்யாணத்துக்கு இரண்டு, கப்பலுக்கு நான்கு. புதுச் சுருள் வந்ததும் டப்பாவின் மூடியில் சிவகாமி குங்குமம் வைப்பார். எடுத்து முடித்ததும் தங்கராஜு அதே டப்பாவைக் கறுப்பு நாடாவால் சுற்றுவார். குங்குமம் மட்டும் இருந்தால் புதுசு. கறுப்பு நாடா இருந்தால் எடுத்தது. ஆறு வருஷமாக அந்த வீட்டில் இதில் ஒரு தவறு நடந்ததில்லை.

கல்யாணம் பந்தலடியில் ஜோராக நடந்தது. தங்கராஜு பெரிய பல்புகளைப் போட்டதில் ஐயர் வியர்த்து, மந்திரத்தை வேகமாக முடித்தார். மாப்பிள்ளை இரண்டு முடிச்சுப் போட, நாத்தனார் மூன்றாவதைப் போட, அட்சதை மழையாகக் கொட்டியது. தங்கராஜு மேஜைமேல் ஏறி நின்று எல்லாவற்றையும் பிடித்தார். சுருளைக் கழற்றி, டப்பாவில் போட்டு, கறுப்பு நாடா சுற்றி, பக்கத்திலிருந்த தாம்பாளத்தில் வைத்துவிட்டுச் சாப்பிடப் போனார். அன்றைய பாயசத்தைப் பற்றி நான் எழுதத் தொடங்கினால் கதை நின்றுவிடும்.

மூன்றாம் நாள் செம்பவாங். உலர்துறையில் தண்ணீரை வடித்துவிட்டு நிறுத்தியிருந்த கப்பல் நாலு மாடிக் கட்டடம் போல நின்றது. அதன் கறுத்த வயிற்றில் கயிறு கட்டிய பலகைகள், பலகைக்கு இரண்டு ஆட்கள், கையில் சுத்தியலும் சுரண்டியும். சிப்பியும் பாசியும் பெயர்ந்து விழ, துரு செதில் செதிலாய் உதிரும். வாயில் துண்டைக் கட்டிக்கொண்டு, ஒருவரையொருவர் முறை வைத்துக் கேலி பேசிக்கொண்டே அடித்தார்கள். பத்து மணிக்குக் கீழே இறங்கி, கருவாட்டுச் சம்பலும் பழைய சோறும் தின்றுவிட்டு மறுபடி ஏறினார்கள். தங்கராஜுவுக்கும் ஒரு கவளம் கிடைத்தது. பக்கத்தில் ஒரு வெள்ளைக்காரச் சிப்பந்தி கைக்கடிகாரத்தைப் பார்த்தபடியே நின்றான். வெயில் கொளுத்தியது. கறுப்புப் பைக்குள் கையை விட்டு, விரலையே கண்ணாக வைத்துச் சுருள் மாற்ற வேண்டியிருந்தது. ஒரு மணிக்கு நான்காவது சுருளும் முடிந்தது.

வீட்டுக்கு வந்து பார்சல் கட்டும்போதுதான் அது தெரிந்தது. கறுப்பு நாடா சுற்றியவை ஐந்து. குங்குமத்தோடு மட்டும் ஒன்று.

"ஆறு வாங்கினோம். ஆறும் எடுத்தோம். ஒண்ணு எப்படி மீந்துச்சு?" என்றார் சிவகாமி.

எங்கள் தெருவில் பெட்டியில் காசு குறைந்தால் யாரையாவது திட்டுவோம். கூடினால்தான் பயப்படுவோம். தங்கராஜு மீந்த சுருளைக் கறுப்புப் பைக்குள் வைத்துத் தடவிப் பார்த்தார். ஆலையில் ஒட்டிய ஒட்டு அப்படியே இருந்தது; இன்னும் எடுக்காத சுருள். வெளியே எடுத்த கையைப் பார்த்துக்கொண்டே தரையில் உட்கார்ந்துவிட்டார்.

"எடுத்த சுருள்லயே மறுபடி எடுத்திருக்கேன் சிவகாமி."

"எதுமேல எத?"

"தெரியலையே."

மறுநாள் சிவகாமி, தைத்த ரவிக்கையைக் கொடுக்கும் சாக்கில், கோவிந்தசாமி வீட்டுக்குப் போனார். அங்கே அவருடைய அக்கா அன்னம்மா, முறத்தில் மல்லி புடைத்துக்கொண்டிருந்தார். கோவிந்தசாமி யாருக்காவது பயப்படுவார் என்றால் அது இந்த அக்காவுக்குத்தான்.

"அன்னம்மாக்கா, கல்யாணத்தன்னிக்குத் தாம்பாளத்துல ஒரு டப்பா இருந்துச்சே, பாத்தீங்களா?"

"பாக்காம என்ன? தாலி அதுக்குள்ளதான் இருக்குன்னு மாப்பிள்ளையோட தம்பி சொன்னான். நல்லாருக்கு உன் புருஷன் காரியம்! தாலியப் புடிச்சு உள்ள வச்சுட்டு மேல கறுப்ப சுத்துவாங்களா? கல்யாண வூட்டுல கறுப்பு ஆகாதுடி. நாடாவ உருவி அடுப்புல போட்டுட்டேன். குங்குமம் வேற அழிஞ்சிருந்துச்சு. நல்லாப் பெரிசா வச்சு விட்டேன்."

சிவகாமி ரவிக்கையை மடித்து, பிரித்து, மறுபடி மடித்தார்.

"என்னாடி முழிக்கறே? நன்றி சொல்ல வந்தியா?"

"ஆமாக்கா," என்றார் சிவகாமி.

ஆகவே ஒன்று தெரிந்துவிட்டது. பாழானது தாலிச் சுருள். அதன்மேல் ஏறியது கப்பலின் எந்தப் பகுதி என்பதுதான் தெரியவில்லை. திரும்ப எடுக்கலாம் என்றால் கண்மணிக்கு இன்னொரு தடவை தாலி கட்ட முடியாது. வெள்ளைக்காரன் இன்னொரு நாள் தரமாட்டான். சுருள்கள் கப்பலேறின. வந்து சேர ஆறு வாரம்.

அந்த ஆறு வாரமும் கோவிந்தசாமி தினமும் எங்கள் கடை வாசலில் நின்று மாடியைப் பார்த்துக் குரல் கொடுப்பார். "தம்பீ, தாலி வந்துச்சா?"

"வரும் அண்ணாச்சி!"

"நாகப்பட்டினத்துலேர்ந்து கடுதாசி மேல கடுதாசி வருது லா!"

தங்கராஜு உள்ளதைச் சொல்லிவிடலாம் என்பார். சிவகாமி, "வரட்டும். பாத்துட்டுச் சொல்லலாம். பாக்காத சாவுக்கு எதுக்கு அழுவறது?" என்று மெஷினை மிதிப்பார். ஐப்பசி மழை பிடித்துக்கொண்டது. கால்வாய் பொங்கிக் கடைக்குள் கணுக்கால் அளவு தண்ணீர் வந்தது. வாப்பா வேட்டிக் கட்டுகளைத் தூக்கிக்கொண்டு மாடிக்கு ஓடினால், அங்கே தங்கராஜு கிராஞ்சிக் கோழிப்பண்ணைக்கு விண்ணப்பம் எழுதிக்கொண்டிருந்தார். கிழித்துப் போட்டிருந்த தாள்களைக் கணக்கிட்டால் அது நாலாவது விண்ணப்பம்.

தீபாவளிக்கு நாலு நாள் முன்பு பார்சல் வந்தது. திரைக்கு ஒரு மல் துணியை ஆணியடித்துக் கொடுத்தேன். ஆணி அடித்த துணியை விற்க முடியாது என்று வாப்பா முனகினார். ஜன்னல்களைச் சாத்தினோம். புரொஜெக்டர் கடகடத்தது.

கல்யாணம் நேராக வந்தது. மணமேடை, கண்மணி குனிந்த தலை, தாலியோடு மாப்பிள்ளையின் கை. அதற்கு மேலே, பந்தலில் தோரணம் கட்டிய மாதிரி, கப்பல் தலைகீழாகத் தொங்கியது. முதல் தடவை எடுத்துமுடித்த சுருளின் வால், இரண்டாம் தடவை தலையாக உள்ளே போயிருக்கிறது. அதனால் கப்பல் தலைகீழாகவும் பின்னோக்கியும் ஓடியது. ஆட்கள் கால் மேலே, தலை கீழே. பிரிந்த துரு போய் இரும்பில் ஒட்டிக்கொண்டது. கப்பலின் வயிறு கறுப்பாக இருந்ததால் அதையே திரையாக்கிக்கொண்டு கல்யாணம் தெளிவாகத் தெரிந்தது. நாத்தனார் மூன்றாம் முடிச்சைப் போடும் இடத்தில், பலகையில் இருந்த ஓர் ஆள் வாய்த்துண்டை இறக்கிவிட்டுக் காமிராவைப் பார்த்துப் பல்லெல்லாம் தெரியச் சிரித்தார். தலைகீழாகத்தான்.

தங்கராஜு தலையில் கைவைத்துக்கொண்டார். சிவகாமி, "திருப்பிப் போடுங்க," என்றார்.

"எத?"

"சுருள. வால்லேர்ந்து ஓட்டுங்க. இதுல ரெண்டு பக்கமும் ஓட்டை இருக்கே."

திருப்பிப் போட்டார். இப்போது கப்பல் நேராக நின்றது, ஆட்கள் நேராகத் தொங்கினார்கள், கல்யாணம் தலைகீழாகப் பின்னோக்கி ஓடியது. ஆனால் அட்சதை மட்டும் கீழேதான் விழுந்தது. தரையிலிருந்து கைக்குத் திரும்புகிற அரிசி, படம் தலைகீழ் என்பதால் வானத்திலிருந்து இறங்குவதாய்த் தெரிந்தது. துருச் செதிலும் அரிசியும் கலந்து, சுரண்டுகிற அந்த ஆட்களின் தலையில், தோளில், கப்பல் முழுக்கக் கொட்டியது. யாரோ அவர்களை உட்காரவைத்து வாழ்த்துகிற மாதிரி இருந்தது.

பிறகு மூன்றாம் முடிச்சு அவிழ்ந்தது. இரண்டாவது, முதலாவது. மாப்பிள்ளை கண்மணி கழுத்திலிருந்து தாலியைத் தலைகீழாக எடுத்துக்கொண்டு போனார்.

"ஐயையோ!" என்று சிவகாமி பாய்ந்து புரொஜெக்டர் விளக்கை அணைத்தார்.

மறுநாள் தங்கராஜு நிலையத்துக்குப் போனார். மற்ற மூன்று கப்பல் சுருள்களையும் பார்த்த சீன அதிகாரி, எல்லாம் சுத்தமாக இருக்கிறது, ஆனால் கயிற்றில் தொங்குபவர்களின் முகங்களைக் கிட்டத்தில் காட்டுவேன் என்று எழுதிக் கொடுத்தீரே, அது எங்கே என்று கேட்டார். தங்கராஜு தயங்கித் தயங்கிக் கெட்டுப்போன சுருளைப் போட்டார். தாலி அவிழும் இடம் வந்ததும் உள்ளங்கையால் லென்ஸை மூடிக்கொண்டார்.

"அங்கே என்ன?"

"குடும்ப விஷயம் சார்."

அதிகாரி இன்னொரு முறை ஓட்டச் சொன்னார். பிறகு, இது இருந்தால் படம் உண்டு, இல்லையென்றால் மற்றவர்கள் கொண்டுவருகிற கப்பல் மாதிரிதான் இதுவும், பத்து நாளில் கொண்டு வாருங்கள் என்றார். பிரதி போட்டு வரலாம் என்றால் அதற்கும் ஆறு வாரம் ஆகும்; இருப்பது இந்த ஒரே சுருள்தான்.

சேதியோடு வந்தவரை சிவகாமி வாசலிலேயே பிடித்துக்கொண்டார். "பொண்ணு வீட்டுல கேக்காம அந்த மனுஷன் முன்னாடி போட்டுக் காட்டிட்டு வந்தீங்களா? நாளைக்கு ஊரே பாக்கும். கண்மணி தாலி அவுறதப் பாக்கும்."

"மூடிக்கிட்டேன் சிவகாமி."

"ஊரு பாக்கும்போது வீடு வீடாப் போயி மூடுவீங்களா?"

ஞாயிற்றுக்கிழமை பகல் மூன்று மணிக்கு கோவிந்தசாமி, அன்னம்மா, கண்மணி மூவரும் மாடிக்கு வந்தார்கள். மாப்பிள்ளைக்கு வேலை நாள். வெளியே மழை. சாத்திய ஜன்னலுக்குள் புழுக்கம், சிவகாமி சுட்ட பருப்பு வடையின் வாசனை. கல்யாணம் நேராக ஓடும்படி போட்டார்கள். முதலில் தங்கராஜு நடந்ததைச் சொல்ல வாயெடுத்தார். கோவிந்தசாமி, "முதல்ல காட்டு தம்பி, அப்பறம் பேசு," என்றுவிட்டார்.

அரை நிமிஷத்தில் கோவிந்தசாமி திரையை நோக்கிக் கையை நீட்டினார்.

"என்னாது இது? எம்பொண்ணு தலைமேல என்னா தொங்குது?"

"கப்பலு அண்ணாச்சி."

"கப்பலா! அது யாரு, காலு மேல இருக்கு?"

"துருச் சுரண்டற ஆளுங்க."

கோவிந்தசாமி எழுந்தார். திரையில் அவர் நிழலும் விழுந்து, கல்யாணத்தில் மூன்றாவது கூட்டமும் சேர்ந்தது. "நூத்தம்பது வெள்ளி வாங்கிக்கிட்டு எம்பொண்ணு கல்யாணத்துல கூலிக்காரனக் கட்டித் தொங்க விட்டிருக்கியா? சம்பந்தி பாத்தா என்னா நெனப்பான்? மூணு தலைமுறையா மிளகா யாவாரம் பண்ற குடும்பம்டா நாங்க!"

"என் தப்பு அண்ணாச்சி. சுருளு மாறிப் போச்சு." நாடா விஷயத்தைத் தங்கராஜு சொல்லவில்லை. சிவகாமியும் சொல்லவில்லை. எனக்கு வாய் அரித்தது. ஆனால் அன்னம்மா அங்கே இருந்தார்.

"காசத் திருப்பிக் குடு. சுருளக் குடு. அடுப்புல போடறேன்." சொல்லிக்கொண்டே திரையை நோக்கிப் போனவர் பாதியில் நின்றார். தலையை இடப்பக்கம் சாய்த்தார். இன்னும் சாய்த்தார். மூக்குக் கண்ணாடி காதிலிருந்து நழுவியது. "இந்தப் பலகைய எவன் கட்டினான்?"

"ஏன் அண்ணாச்சி?"

"ஒத்தச் சுத்துல விட்டிருக்கான் மடையன். பலகைக்கு அடியில ரெண்டு சுத்து வாங்கிக் குறுக்க இழுக்கணும். காத்தடிச்சா கவுந்துரும் லா. கீழ இருபது அடி, முப்பது அடி, கல்லுத் தரை..." நிறுத்தினார்.

சுருள் ஓடி முடிந்து, வால் மட்டும் பட்பட்டென்று அடித்துக்கொண்டிருந்தது. சிவகாமி விளக்கைப் போடவில்லை.

"அண்ணாச்சிக்கு இதெல்லாம் எப்படித் தெரியும்?" என்றார் மெதுவாக.

"கேள்விப்பட்டிருக்கேன்."

"சொல்லித் தொலையேன்டா," என்றார் அன்னம்மா இருட்டிலிருந்து. "மூணு தலைமுறை மிளகா! நம்ம அப்பன் மிளகாயத் தின்னுதான் பாத்தாரு. முப்பத்தஞ்சாம் வருஷத்துலேர்ந்து நாலு வருஷம் நீ கப்பலுல தொங்கினது பொண்ணுக்குத் தெரியாது. ரெண்டு தடவ விழுந்ததும் தெரியாது. முதுகுல இருக்கற தழும்பு மாடு முட்டினதுன்னு சொல்லிவச்சிருக்கான் இவன். சிங்கப்பூருல மாடு முட்டி!"

கண்மணி, "அப்பா?" என்றாள்.

கோவிந்தசாமி சட்டைப் பொத்தானைத் தேடினார். அது ஏற்கெனவே கழன்றிருந்தது. "யாவாரத்துக்கு வந்தப்ப கூலிக்காரன்னா கடன் குடுக்கமாட்டாங்கம்மா. ஒரு தடவ மூணு தலைமுறை யாவாரம்னு சொன்னேன். அப்பறம் அதையே சொல்லும்படி ஆயிப்போச்சு."

"அந்தக் கப்பல நேரா காட்ட முடியுமா அண்ணே?" என்று கண்மணி தங்கராஜுவைக் கேட்டாள்.

"முடியும்மா. ஆனா அப்ப..." தங்கராஜு சிவகாமியைப் பார்த்தார்.

"அப்ப கல்யாணம் பின்னாடி ஓடும்," என்று சிவகாமி சொல்லிவிட்டார். டெலிவிஷன் விஷயம், பத்து நாள் தவணை, கிராஞ்சிக் கோழி, எல்லாவற்றையும் ஒரே மூச்சில் சொன்னார். "தாலி அவுற இடத்த வெட்டிடுவேன். அது யாரு கண்ணுலயும் படாது. ஆனா நீங்க வேணாம்னா மொத்தமும் வேணாம். சுருள இப்பவே தந்துடறேன்."

தங்கராஜு திருப்பிப் போட்டார். ஓரிடத்தில் உள்ளங்கை லென்ஸை மூடியது, பிறகு திறந்தது. கப்பல் நேராக நின்றது. அரிசியும் துருவும் கொட்டின. கோவிந்தசாமி உட்காரவில்லை. திரைக்கு ஒரு முழத்தில் நின்று ஒவ்வோர் ஆளாகப் பார்த்தார். எங்கள் மல் துணியை ஒருமுறை தொட்டார்.

"அட்சதை போடறாங்க இவனுங்களுக்கு," என்றார். "எங்களுக்கு எச்சில்தான் மேலேர்ந்து விழும்."

"அப்பா, இது வரட்டும்," என்றாள் கண்மணி. "டெலிவிஷன்ல வரட்டும். முடிச்ச மட்டும் வெட்டி நமக்குக் குடுத்துடட்டும். அத நாகப்பட்டினத்துக்கு அனுப்பறேன்."

"அதுல ஒருத்தன் தலைகீழா பல்லக் காட்டிக்கிட்டு இருக்கானே. சம்பந்தியம்மா யாருன்னு கேட்டா?"

"எங்கப்பா கூட வேலை பாத்தவரு மாதிரின்னு கடுதாசில எழுதறேன்."

கோவிந்தசாமி அக்காவைப் பார்த்தார். அன்னம்மா வடையைக் கடித்தார். "எழுதட்டும்டா. தாலி ஏறியாச்சு. இனிமே எவன் அவுத்துக்கிட்டுப் போவப்போறான்?"

"அந்தச் சிரிக்கிற துண்டு போனா உங்க படத்துக்கு நட்டமில்லையா தம்பி?" கோவிந்தசாமி எதிராளியின் நட்டத்தைப் பற்றி விசாரித்ததை நான் அன்றுதான் பார்த்தேன்.

"நட்டம்தான் அண்ணாச்சி. அந்த முகத்துக்காகத்தான் அஞ்சு மாசம் அலைஞ்சேன்." தங்கராஜு லென்ஸைத் துடைத்தார். "பரவாயில்ல. அவுரு கல்யாணத்துல இருக்கட்டும்."

அதன்பிறகுதான் அன்னம்மா கேட்டார், சுருள் எப்படி மாறிப்போனது என்று. தங்கராஜு சொல்ல வேண்டியதாயிற்று. அன்னம்மா இன்னொரு வடை எடுத்தார். "அப்ப நான் கறுப்ப உருவாம விட்டிருந்தா இந்த ஆளுங்க மேல அரிசி விழுந்திருக்குமா?"

"விழுந்திருக்காதுக்கா."

"அதான். கல்யாண வூட்டுல கறுப்பு ஆகாதுன்னு சும்மாவா சொன்னேன்."

சிவகாமி அன்றிரவே வெட்டத் தொடங்கவில்லை. தைக்க வேண்டிய தீபாவளி ரவிக்கை முப்பது இருந்தது. அதை முடித்துவிட்டுத்தான் உட்கார்ந்தார். கார்த்திகை பிறந்து இரண்டு வாரத்தில் படம் டெலிவிஷனில் வந்தது. எங்கள் தெருவில் யார் வீட்டிலும் பெட்டி இல்லாததால், சமூக மன்றத்தில் பாய் விரித்துப் பார்த்தோம். செம்பவாங்கிலிருந்து ஒரு லாரி நிறைய ஆட்கள் வந்திருந்தார்கள். அவர்களோடு கோவிந்தசாமி போய் உட்கார்ந்து, படம் முடியும்வரை பலகை கட்டும் முறையைப் பற்றிச் சண்டை போட்டுக்கொண்டிருந்தார். மாதம் ஒரு படம் என்று நிலையத்திலிருந்து கடிதம் வந்தது. கோழிகளைக் கிராஞ்சியில் வேறு யாரோ எண்ணினார்கள்.

நிலையத்தில் ஒரு தாள் கேட்பார்கள். எந்தச் சுருளில் எத்தனை அடி எங்கே போயிற்று, யார் யார் என்ன வேலை செய்தார்கள், அவர்களுக்கு என்ன கூலி என்று ஒவ்வொன்றுக்கும் கணக்கு வேண்டும். அதைத் தமிழில் எழுதியவர் சிவகாமசுந்தரி. இங்கிலீஷில் மாற்றித் தட்டச்சு அடித்தவன் நான். இரண்டு தடவை எடுத்த நான்காம் சுருளுக்கு அவர் எழுதியது இது:

மொத்தம்: நூறு அடி.

வெளிச்சம் பட்டு வெளுத்தது: ஏழு அடி. குப்பைக்கு.

கப்பல், துரு, அட்சதை, ஆட்கள்: எழுபத்தொன்பது அடி. நிலையத்துக்கு.

மூன்று முடிச்சும் சிரிக்கிறவரும்: பதினான்கு அடி. நாகப்பட்டினத்துக்கு.

படம் எடுத்தது: தங்கராஜு. கூலி வந்தது.

வெட்டி ஒட்டியது: சிவகாமசுந்தரி. கூலி வந்தது.

இரண்டு படத்தை ஒன்றாக்கியது: அன்னம்மா. கூலி பேசவில்லை. பாக்கி.